டாக்டரம்மா பதில்கள்: ஸ்கேனில் கால்சியம், டீ கிளாஸ் நழுவிய கை, பேசாமல் உட்கார்ந்திருக்கும் கணவர்

போன இதழில் ரத்தக் கொதிப்பு பற்றி எழுதியதற்கு வந்த கடிதங்கள் பெரும்பாலும் மூளையையே சுற்றுகின்றன. அதனால் முழங்கால் வலிக்காரர்கள் மன்னிக்கவும், உங்கள் முறை அடுத்த இதழில். கடிதங்களைச் சுருக்கியிருக்கிறேன். பெயர் போட வேண்டாம் என்று பலர் கேட்டதால் எல்லோருக்கும் ஊர் மட்டும்.

*

"என் அப்பாவுக்கு 68 வயது. கைலி நெசவு செய்தவர். பீடி உண்டு, பி.பி. உண்டு. பாத்ரூமில் வழுக்கி விழுந்ததால் தலைக்கு சி.டி. ஸ்கேன் எடுத்தோம். அடி ஒன்றுமில்லை. ஆனால் ரிப்போர்ட்டின் கடைசி வரியில், மண்டைக்குள் போகும் கரோட்டிட் ரத்தக் குழாய்களில் கால்சியம் படிந்திருப்பதாகப் போட்டிருக்கிறார்கள். மருந்துக் கடைக்காரர் பாலையும் கேழ்வரகையும் நிறுத்தச் சொல்லிவிட்டார். அப்பாவுக்கு வாதம் அடித்துவிடுமா? ஞாபகம் போய்விடுமா? வீட்டில் யாரும் சரியாகத் தூங்கவில்லை."
— வாசகி, குடியாத்தம்

முதலில் அப்பாவுக்குக் கேழ்வரகுக் கூழைத் திரும்பக் கொடுங்கள். சாப்பாட்டுக் கால்சியத்தை நிறுத்தினால் குழாய்ச் சுவரில் படிந்த கால்சியம் கரைந்து வெளியே வராது. எலும்புதான் வீணாகும். பாத்ரூமில் வழுக்கி விழுகிற வயதில் அது வேறு வம்பு. டாக்டர் எழுதித் தந்த கால்சியம் மாத்திரை இருந்தால், வேண்டுமா வேண்டாமா என்பதை எழுதியவரிடமே கேளுங்கள். கடைக்காரர் சொல்லி நிறுத்த வேண்டாம்.

இனி அந்தக் கடைசி வரி. நெதர்லாந்தில் ரோட்டர்டாம் நகரத்தின் ஒரு பகுதி மக்களை 1990-லிருந்து தொடர்ந்து கவனித்துவருகிறார்கள். 2003-க்கும் 2006-க்கும் இடையில் அவர்களில் பக்கவாதம் வராத 2,323 பேருக்கு ஸ்கேன் எடுத்து, இதே இடத்துக் கால்சியத்தை அளந்தார்கள். சராசரி வயது எழுபதுக்குச் சற்றுக் குறைவு. ஐந்தில் நான்கு பேருக்கு மேல் கால்சியம் இருந்தது. அதாவது உங்கள் அப்பாவின் வயதில் அது இல்லாதவர்கள்தான் சிறுபான்மை. அடுத்து வந்த ஆறு வருடங்களில் பக்கவாதம் வந்தது 91 பேருக்கு. கால்சியம் எவ்வளவு அதிகமோ அவ்வளவுக்கு ஆபத்தும் ஏறியது உண்மை. கழுத்துக் குழாயிலும் நெஞ்சுக்கு மேலிருக்கும் பெரிய குழாயிலும் படிந்த கால்சியத்தைவிட, மண்டைக்குள் இருப்பதற்குத்தான் பக்கவாதத்தில் பெரிய பங்கு என்றும் கண்டார்கள். அதே மக்களிடம் பின்னால் பார்த்தபோது, குழாய்களில் கால்சியம் கூடியவர்களிடம் மறதி நோயும் கூடுதலாக இருந்தது. ஆக அந்த வரியைத் தள்ளிவிட முடியாது. ஆனால் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளவும் வேண்டாம். எண்ணிக்கையைத் திரும்பப் பாருங்கள்: 2,200 பேருக்கு மேல் அந்த வருடங்களைப் பக்கவாதம் இல்லாமலே கழித்திருக்கிறார்கள்.

அவர்கள் வெள்ளைக்காரர்கள், நமக்கு எப்படிப் பொருந்தும் என்று கேட்டால், நம் பக்கம் விஷயம் இன்னும் சற்றுக் கடுமை. மண்டைக்குள் இருக்கும் குழாய்களே சுருங்கிப்போய் வரும் பக்கவாதம், ஐரோப்பியர்களைவிட ஆசியர்களிடம் அதிகம்.

கால்சியம் எப்படி இந்த வேலையைச் செய்கிறது? கொல்லையில் வேலூர் வெயிலில் இரண்டு கோடை கிடந்த ஓஸ் குழாயைத் தொட்டுப் பாருங்கள். விறைத்திருக்கும். மோட்டார் போட்டால் தண்ணீர் உதறிக்கொண்டு வரும். இதயத்தின் ஒவ்வொரு துடிப்பையும் பெரிய குழாய் விரிந்து கொடுத்துத் தணிக்க வேண்டும். இறுகிய குழாயால் அது முடியாது. அந்த அடி அப்படியே உள்ளே போய், மூளையின் ஆழத்தில் இருக்கும் மயிரிழைக் குழாய்கள்மேல் விழுகிறது. நம் எடையில் நூற்றுக்கு இரண்டு பங்குதான் மூளை. ஆனால் உடம்புக்கு வரும் ஆக்சிஜனில் ஐந்தில் ஒரு பங்கை அதுவே எடுத்துக்கொள்கிறது. இவ்வளவு ரத்தம் போகிற இடத்தில் சின்னக் குழாய்கள் வருடக் கணக்கில் அடி வாங்கினால் சுவர் தடித்து, துளை குறுகி, சில அடைபடும், சில கசியும். பெரிய குழாயில் படிந்த கொழுப்புக் கட்டி வெடித்து அடைப்பது இன்னொரு வழி. அது ஒரே நாளில் கையையும் காலையும் இழுத்துக்கொண்டு போகும். சின்னக் குழாய்ச் சேதம் சத்தமில்லாமல் நடக்கும். அதனால்தான் ஒரே வியாதி ஒருவருக்குப் பக்கவாதமாகவும் இன்னொருவருக்கு மறதியாகவும், பலருக்கு இரண்டுமாகவும் வருகிறது.

அப்பாவுக்குச் செய்ய வேண்டியது என்ன? பீடியை நிறுத்துவது எல்லாவற்றுக்கும் முன்னால் நிற்கிறது. "இத்தனை வருஷம் பிடிச்சாச்சு, இனிமே விட்டு என்ன" என்று அவர் சொல்வார், எனக்குத் தெரியும். தறிக்காரர்கள் எல்லோரும் என்னிடம் அதையேதான் சொன்னார்கள். விட்டவர்களுக்குப் பக்கவாத ஆபத்து ஐந்து வருடங்களில் பெருமளவு இறங்கிவிடும் என்று அவரிடம் சொல்லுங்கள். அப்புறம் பி.பி., சுகர், கொழுப்பு. டாக்டர் கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாட்டின் மாத்திரை எழுதினால் போடட்டும். ஒரு விஷயம் மட்டும் கவனம்: ஸ்டாட்டின் கால்சியத்தைக் குறைக்காது. கொழுப்புக் கட்டியை வெடிக்காமல் உறுதியாக்கும், பக்கவாதத்தைக் குறைக்கும். அதனால் "கால்சியம் குறைஞ்சிருக்கா பார்க்கலாம்" என்று வருடா வருடம் தலையை ஸ்கேனில் நீட்ட வேண்டாம். அந்தப் பணத்தில் வீட்டுக்கு ஒரு நல்ல பி.பி. மெஷின் வாங்கலாம்.

உப்புக்கண்டமும் கருவாடும் வாரத்தில் எத்தனை நாள் என்று நீங்கள் எழுதவில்லை. நானே ஊகித்துக்கொள்கிறேன். எல்லாம் சேர்த்து ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவான உப்பு என்பது உலக சுகாதார நிறுவனம் சொல்லும் கணக்கு. நிரவி எடுத்த ஒரு டீஸ்பூன்.

*

"வயது 54, மளிகைக் கடை. ஒரு வாரத்துக்கு முன்னால் கடை வாசலில் டீ குடிக்கும்போது கிளாஸ் கையிலிருந்து நழுவிவிட்டது. இடது கை துணி மாதிரித் தொங்கியது. பேச்சும் குழறியது என்று பையன் சொல்கிறான். பத்து நிமிடத்தில் எல்லாம் சரியாகிவிட்டது. வெயில் என்று மோர் குடித்துப் படுத்துவிட்டேன். இப்போது நன்றாக இருக்கிறேன். இதற்கு டாக்டரைப் பார்க்க வேண்டுமா?"
— வாசகர், வாலாஜாப்பேட்டை

இவர் கடிதம் கையில் கிடைத்த அன்றே ஆபீசிலிருந்து போன் செய்யச் சொல்லிவிட்டேன். கடையைச் சாத்திவிட்டு அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போனார். கழுத்து ரத்தக் குழாயில் அடைப்பு இருப்பது தெரிந்து வைத்தியம் நடக்கிறது. ஆகவே இனி எழுதுவது மற்றவர்களுக்கு.

வந்துவிட்டுப் போனது குட்டிப் பக்கவாதம். ரத்தக் கட்டி ஒன்று போய் அடைத்து, தானே கரைந்துவிட்டது. கை சரியானதும் நாமும் சரியாகிவிட்டோம் என்று நினைப்பது இயல்பு. ஆனால் கட்டியை அனுப்பிய இடம் அப்படியே இருக்கிறதே! வைத்தியம் செய்யாமல் விட்டால், பத்தில் ஒருவருக்கு மூன்று மாதத்துக்குள் முழுப் பக்கவாதம் வருகிறது. அதில் பாதி முதல் இரண்டு நாளிலேயே வந்துவிடும் என்று பழைய ஆய்வுகள் காட்டின. இதன் மறுபக்கம் நல்ல செய்தி. ஆக்ஸ்போர்டில் 2007-ல் வெளியான ஆய்வில், இப்படிப்பட்டவர்களை உடனே பார்த்து அன்றே மருந்து தொடங்கியபோது அடுத்த பக்கவாதம் 80 சதவீதம் குறைந்தது. புது மருந்து எதுவும் இல்லை, இருந்த மருந்துகளையே சீக்கிரம் கொடுத்தார்கள், அவ்வளவுதான்.

வீட்டில் ஆஸ்பிரின் இருக்கிறதே, போட்டுக்கொள்ளலாமா என்றால், கூடாது. அடைப்பா, கசிவா என்பது ஸ்கேன் எடுக்காமல் எனக்கும் தெரியாது, யாருக்கும் தெரியாது. கசிவாக இருந்தால் ஆஸ்பிரின் எரிகிற வீட்டில் எண்ணெய்.

குணமாகாமல் நீடித்தால் நேரக் கணக்கு இன்னும் கறாரானது. அடைப்பைக் கரைக்கும் ஊசியை நாலரை மணி நேரத்துக்குள் போட வேண்டும். பெரிய குழாய் அடைப்பில், தகுதி உள்ள சிலருக்கு 24 மணி நேரம் வரைகூட கட்டியை உள்ளே போய் இழுத்து எடுக்க முடியும். நாலரை மணி என்பது கை விழுந்த நேரத்திலிருந்து, ஆஸ்பத்திரி வாசலை மிதித்த நேரத்திலிருந்து இல்லை. தூங்கி எழும்போதே கை விழுந்திருந்தால், கடைசியாக எப்போது நன்றாக இருந்தார் என்பதைச் சொல்லுங்கள். வாய் ஒரு பக்கம் கோணுகிறதா, இரண்டு கையையும் தூக்கினால் ஒன்று இறங்குகிறதா, பேச்சு குழறுகிறதா என்று பாருங்கள். ஒன்று இருந்தாலும் 108.

இந்த இடத்தில் ஒரு வயிற்றெரிச்சலைக் கொட்டிவிடுகிறேன். 1949-ல் இந்தியாவின் முதல் மூளை அறுவை சிகிச்சைத் துறையை டாக்டர் ஜேக்கப் சாண்டி தொடங்கியது நம் வேலூரில், சி.எம்.சி.யில். வங்காளத்திலிருந்தும் வங்கதேசத்திலிருந்தும் ரயிலேறி வந்து காந்தி ரோட்டு லாட்ஜில் தங்கி வைத்தியம் பார்த்துக்கொள்கிறார்கள். பஸ்ஸில் ஒரு மணி நேர தூரத்தில் இருக்கும் நம்மவர்களோ, கை விழுந்தவரைக் காரில் போட்டுக்கொண்டு பத்திய மருந்து வாங்க ஆந்திரா பக்கம் போகிறார்கள்! இரண்டு நாள் கழித்து அடுக்கம்பாறை அரசு ஆஸ்பத்திரிக்கு வந்தால் அங்கே இருக்கிற டாக்டர் என்ன செய்வார்? பத்தியம் இருக்க ஆசைப்பட்டால் அப்புறம் இருங்கள். முதல் நாலரை மணி நேரம் ஸ்கேன் இருக்கும் ஆஸ்பத்திரிக்கு.

*

"என் கணவர் ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றவர், 72 வயது. இரண்டு வருடத்துக்கு முன்னால் லேசான பக்கவாதம். கை, கால் தேறிவிட்டது. ஆனால் ஆள் மாறிவிட்டார். ஒரு கேள்வி கேட்டால் பதில் வர நேரமாகிறது. பென்ஷன் கணக்கெல்லாம் அவர்தான் பார்ப்பார், இப்போது பேங்க் புத்தகத்தைத் திறப்பதே இல்லை. சீரியலில் யாராவது அழுதால் இவரும் அழுகிறார். காலைத் தேய்த்துத் தேய்த்து நடக்கிறார். ஆனால் எல்லோரையும் தெரிகிறது, பழைய கதையெல்லாம் சொல்கிறார். பையன்கள் 'அப்பா வேணும்னே சோம்பேறித்தனம் பண்றார்' என்கிறார்கள். இது அல்சைமரா?"
— வாசகி, காட்பாடி

அம்மா, உங்கள் கடிதத்தை டாக்டருக்குப் படிக்கும் பிள்ளைகளுக்குப் பாடமாகவே வைக்கலாம். முதலில் உங்கள் பையன்களுக்கு: அப்பா நடிக்கவில்லை.

அல்சைமர் பொதுவாகப் புது ஞாபகத்தைத்தான் முதலில் தின்னும். காலையில் வந்து போன விருந்தாளியை மத்தியானம் மறந்துவிடுவார்கள். உங்கள் கணவருக்கு ஞாபகம் ஓரளவு நிற்கிறது. மந்தப்பட்டிருப்பது வேகமும், ஒரு வேலையைத் திட்டமிட்டுத் தொடங்கும் திறமையும். நெற்றிப் பகுதி மூளையை உள்ளே இருக்கும் பகுதிகளோடு இணைக்கும் கம்பிகள் போகிற வழியில்தான் அந்தச் சின்னக் குழாய்கள் ரத்தம் தருகின்றன. அங்கே அரை சென்டிமீட்டர், ஒரு சென்டிமீட்டர் அளவில் சில ஓட்டைகள் விழுந்தால் போதும். கை, கால் விழாது. பேங்க் புத்தகம் மூடிக்கொள்ளும். காலைத் தேய்த்து நடப்பதும், சட்டென்று அழுவதும், சில பேருக்கு அவசரமாக ஒன்றுக்கு வருவதும் இதே கூட்டத்தைச் சேர்ந்தவை. எம்.ஆர்.ஐ. எடுத்தால் வெள்ளை வெள்ளையாகத் திட்டுகள் தெரியும். ரிப்போர்ட்டில் 'சிறு ரத்தக் குழாய் மாற்றங்கள், வயது காரணமாக' என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். அந்த 'வயது காரணமாக' என்பதை மட்டும் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். கவனிக்காமல் விட்ட பி.பி.க்கும் அதில் பங்கு உண்டு.

முதல் பக்கவாதத்துக்குப் பிறகு ஏறக்குறைய பத்தில் ஒருவருக்குப் புதிதாக டிமென்ஷியா என்ற மறதி நோய் வருகிறது. பக்கவாதம் இன்னொரு முறை வந்தவர்களில் அது மூன்றில் ஒருவருக்கும் மேலே போகிறது. உங்கள் வீட்டில் ஒரே ஒரு காரியத்துக்குத்தான் முழுப் பலத்தையும் போட முடியும் என்றால், அது இரண்டாவது பக்கவாதத்தைத் தடுப்பதாக இருக்கட்டும். இந்த வகை மறதி படிக்கட்டு இறங்குவதுபோல் இறங்கும், கொஞ்ச காலம் ஒரே மாதிரி நிற்கும், திடீரென்று ஒரு படி சரியும். நிற்கிற காலத்தை நீட்ட நம்மால் முடியும்.

சுத்தமாக இது ஒன்றுதான் என்றும் நான் சொல்ல மாட்டேன். இந்தத் துறையின் கதையே விசித்திரமானது. அல்சைமர் வியாதிக்குப் பெயர் கொடுத்த அந்த அல்சைமரே, 1890-களில் ரத்தக் குழாய் இறுகி மூளை கெடுவதைப் பற்றி எழுதியவர். அதற்கப்புறம் வெகுகாலம், கிழவர்களின் மறதி முழுக்கக் குழாய் இறுகுவதால்தான் என்று டாக்டர்கள் சொல்லிவந்தார்கள். 1974-ல் ஹச்சின்ஸ்கி என்ற கனடா டாக்டரும் கூட்டாளிகளும், வெறும் இறுக்கம் மட்டும் போதாது, பல சிறு பக்கவாதங்கள் சேர்ந்துதான் மறதியை உண்டாக்குகின்றன என்று எழுதினார்கள். அப்புறம் காற்று மாறி எல்லாமே அல்சைமர் ஆனது. இன்றைக்கு, வயதானவர்களின் மூளையை இறந்தபின் ஆராய்ந்து பார்க்கிறவர்கள் இரண்டும் கலந்திருப்பதையே சர்வ சாதாரணமாகக் காண்கிறார்கள். எனவே பெயரைப் பற்றி வீட்டில் சண்டை வேண்டாம்.

அவரை நரம்பியல் டாக்டரிடம் கூட்டிப் போகும்போது மூன்று விஷயங்களை நீங்களே கேளுங்கள். மன அழுத்தம் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். பக்கவாதம் வந்தவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு அது வருகிறது, மருந்துக்குக் கேட்கும், மறதி மாதிரியே வேஷம் போடும். பி12, தைராய்டு ரத்தப் பரிசோதனை. மூன்றாவது, காது. சரியாகக் கேட்காதவர் பதில் சொல்லத் தாமதித்தால் மூளையைக் குறை சொல்லிவிடுகிறோம். சட்டென்று அழுவதற்கும் மாத்திரை உண்டு. அவர் அழும்போது "ஏன் அழறீங்க" என்று கேட்காதீர்கள், அவருக்கே காரணம் தெரியாது. பேச்சை வேறு பக்கம் திருப்புங்கள்.

பென்ஷன் கணக்கை அவரிடமிருந்து பிடுங்க வேண்டாம். ஆனால் பேங்க்கில் உங்கள் பெயரையும் சேர்த்து ஜாயின்ட் அக்கவுன்ட் ஆக்குங்கள். அவர் தெளிவாகக் கையெழுத்துப் போடுகிற இந்தக் காலத்திலேயே.

*

"ரத்தக் குழாயைச் சுத்தம் செய்ய ட்ரிப் ஏற்றுகிறார்கள். பத்து, இருபது தடவை போட்டால் மூளை அடைப்பும் போகும், மறதியும் வராது என்கிறார்கள். போடலாமா? பூண்டு பால் குடித்தால் போதுமா?"
— வாசகர், ஆம்பூர்

போடாதீர்கள். குழாயிலிருந்து கால்சியத்தை இழுத்து எடுக்கும் என்று சொல்லப்படும் அந்த மருந்தை, மாரடைப்பு வந்த சர்க்கரை நோயாளிகளிடம் பெரிய அளவில் சோதித்து 2024-ல் முடிவை வெளியிட்டார்கள். மறு மாரடைப்போ பக்கவாதமோ குறையவில்லை. மூளைக்கு நல்லது என்பதற்கு ஆதாரமே கிடையாது.

பூண்டு பால் பிடித்தால் குடியுங்கள். பி.பி. மாத்திரைக்குப் பதிலாக இல்லை. பிரியாணி பற்றி நீங்கள் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. ஆம்பூர்க்காரரிடம் அதைப் பேசி ஜெயித்தவர் யாருமில்லை.

*

"வயது 74, விவசாயம். மக்களைத் தேடி மருத்துவத்தில் வீட்டுக்கே வந்து பி.பி. பார்த்து மாத்திரை தருகிறார்கள். இப்போது 128/78. 'நார்மல் ஆயிடுச்சு, நிறுத்திடு' என்கிறார் பக்கத்து நிலத்துக்காரர். பேரன் போனில் பார்த்துவிட்டு '120-க்குக் கீழே வரணும் தாத்தா, அப்பதான் ஞாபகம் நிக்கும்' என்கிறான். யார் பேச்சைக் கேட்பது? இலவச மாத்திரை வேலை செய்யுமா?"
— வாசகர், ஒடுகத்தூர்

128 வந்திருக்கிறதே, அதுதான் மாத்திரை வேலை செய்கிறது என்பதற்குச் சாட்சி. நிறுத்தினால் மறுபடி ஏறும். பக்கத்து நிலத்துக்காரரிடம் உரம், பூச்சி மருந்து பற்றி மட்டும் யோசனை கேளுங்கள்.

பேரன் சொல்வதில் விஷயம் இருக்கிறது. அமெரிக்காவில் 9,361 பேரிடம் நடந்த ஆய்வில், மேல் அளவை 120-க்குக் கீழே கொண்டுவந்தவர்களை 140-க்குக் கீழே வைத்தவர்களோடு ஒப்பிட்டார்கள். மறதியின் ஆரம்பக் கட்டம் 19 சதவீதம் குறைந்தது என்று 2019-ல் வெளியிட்டார்கள். டிமென்ஷியாவும் குறைந்த மாதிரி தெரிந்தது, உறுதியாகச் சொல்லும் அளவுக்கு இல்லை. ஆனால் அந்த ஆய்வில் சர்க்கரை நோயாளிகளையும் பக்கவாதம் வந்தவர்களையும் சேர்க்கவே இல்லை. அளவெடுத்த முறையும் நம்முடையது மாதிரி இல்லை. அமைதியாக ஐந்து நிமிடம் உட்கார வைத்து மெஷினே பலமுறை எடுத்த கணக்கு. வயலிலிருந்து வேர்க்க வந்து உட்கார்ந்த உடனே எடுப்பது கொஞ்சம் கூடுதலாகவே காட்டும்.

உங்களுக்கு இன்னும் நெருக்கமானது சீனக் கிராமங்களில் நடந்த ஆய்வு. 326 கிராமங்கள், ஏறக்குறைய 34,000 பேர். பெரிய டாக்டர்கள் இல்லை. கிராமத்து மருத்துவப் பணியாளர்களே பி.பி. பார்த்து, விலை குறைந்த மாத்திரைகளைக் கொடுத்து, விடாமல் சாப்பிட வைத்தார்கள். நான்கு வருடங்களில் டிமென்ஷியா 15 சதவீதம் குறைந்தது. 2025-ல் இதைப் படித்தபோது நம் மக்களைத் தேடி மருத்துவப் பெண்கள் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு போவதுதான் ஞாபகம் வந்தது. 2021-ல் இந்தத் திட்டம் வந்தபோது "வீட்டுக்கு வீடு மாத்திரையா" என்று சிரித்தவர்களையும் எனக்குத் தெரியும்.

உங்கள் வயதில் 120-ஐத் துரத்துவதற்கு முன்னால் ஒன்று பார்க்க வேண்டும். அடுத்த முறை அந்தப் பெண் வரும்போது உட்கார்ந்தபடி ஒரு தடவை பி.பி. எடுக்கச் சொல்லுங்கள். எழுந்து நின்று ஒரு நிமிடம் கழித்து ஒரு தடவை, மூன்று நிமிடம் கழித்து இன்னொரு தடவை. மேல் அளவு 20 அல்லது அதற்கு மேல் இறங்கினாலோ, தலை சுற்றினாலோ அதை எழுதி வாங்கி ஆரம்ப சுகாதார நிலைய டாக்டரிடம் காட்டுங்கள், மாத்திரையை அவர் மாற்றி அமைப்பார். இறங்கவில்லை என்றால், இன்னும் குறைக்கலாமா என்று அவரிடமே கேளுங்கள். பேரனையும் கூட அழைத்துப் போங்கள், அவன் கேட்கும் கேள்விக்கும் அங்கேயே பதில் கிடைத்துவிடும்.